ஏழு புள்ளியில் ஐந்து

பள்ளத்தூர் வீட்டில்
பதினெட்டுச் சதுரம் ஓடு இறக்கியாயிற்று.
கிழக்கே கறுத்து நிற்கிறது.
ஓட்டுக் கொத்தனார் சந்தியாகு
ஏணியடியில் உட்கார்ந்து பீடி பற்றவைக்கிறார்.
பணம் வந்தால் ஏறுவார்.

பொதுப்பணம் எழுபதாயிரம்.
பேரேடு ஏழு பேர் போனிலும் இருக்கிறது,
ஏழும் ஒரே ஏடு.
பெட்டிச்சாவி என்று ஒன்று இல்லை,
ஆகவே யாரும் யாரையும் நம்பவேண்டியதில்லை
என்றுதான் தொடங்கினோம்.
நம்பிய காலத்து வழக்குகள்
தேவகோட்டைக் கோர்ட்டில் இன்னும் நடக்கின்றன.

கோயில் வரிக்கு என் புள்ளி
புருஷன் பேரில், வேறு கோயிலில்.
இந்த ஏட்டில் நான் தனிப் புள்ளி.

விதி சின்னது.
பக்கம் எழுத ஆளுக்கு ஒரு முறை.
ஐந்து கை விழுந்தால் பக்கம் நிற்கும்.
ஏன் ஐந்து என்று சந்தியாகு கேட்டார்.
ரெண்டு பேர் கெட்டுப்போனாலும் கணக்குக் கெடாது என்றேன்.
"ரெண்டு பேர்தானா?" என்றார்.

இந்த வாரம் கிள்ளான் வயிரவன் முறை.
எனக்கு வந்த பக்கத்தில்
ஓட்டுக்கு எழுபதாயிரம்.
அவன் முத்திரை, சுத்தமாக.
கோயம்புத்தூர்ப் புள்ளி வாய் திறக்கவில்லை.
போன் தண்ணீரில் விழுந்ததாம்.
விழுந்ததோ போட்டதோ,
விதிக்கு இரண்டும் ஒன்று.

அடுத்தது, கேட்டதை
எல்லோரும் எல்லோருக்கும் சொல்லும் சுற்று.
தேவகோட்டையிலிருந்து ஒரு வரி வந்தது.
சிகப்பி ஆச்சி. என்னுடன் பிறந்தவள்.
பதினோரு வருஷத்தில் எனக்கு அவளுடைய முதல் வரி:
"வயிரவன் எனக்குக் காட்டியது,
கரண்ட் வயருக்கு எழுபதாயிரம்."

ஒரே பணம்.
ஒரே கை.
சிங்கப்பூர் ஓடு என்றது. சென்னையும் ஓடு.
நியூஜெர்சி, வயர்.
இங்கே மூன்று, அங்கே இரண்டு,
வயிரவன் இரண்டு பக்கமும் நின்றாலும்
நான்கும் மூன்றும்.
ஐந்து எங்கேயும் இல்லை.

ஏடு நின்றுவிட்டது.
தப்பாக எழுதுவதற்கு
எழுதாமல் நிற்பதே மேல் என்று கட்டிய ஏடு.
மழைக்கு அப்படி ஒரு விதி இல்லை.
நாலு மணிக்கு முதல் துளி
இரண்டாம் கட்டில், நெல் காயவைத்த பாயில்.

கெடு முடிந்ததும்
வயிரவன் முறை கைமாறியது.
பஞ்சாயத்து இல்லை, ஏச்சு இல்லை.
அடுத்த முறை ஆச்சிக்கு.

ஆச்சி எழுதினாள்.
ஓட்டுக்கு, சந்தியாகு பேருக்கு,
சாரக் கயிறு, சித்தாள் கூலி, டீச்செலவு வரை பிரித்து.
சிங்கப்பூர் கை வைத்தது. சென்னை வைத்தது.
நியூஜெர்சியில் விடிந்தும் விடியாத நேரம், அதுவும் வைத்தது.
ஆச்சியோடு நான்கு.
போனில் ஒரு வட்டம் மட்டும் காலி.
என் கட்டைவிரல் அளவு.

கூட்டிப் பார்த்தேன்.
மறுபடி, கீழிருந்து மேலாக.
ஒரு ரூபாய் இடித்தால் போதும், மறுத்துவிடலாம்.
அப்பச்சி காரியத்துக்கு மறுநாள்
அவள் எடுத்துப்போன வைரத்தோடு
இந்தக் கணக்கில் இல்லை.
நான் வாசல்வரை போய்ச் சொன்ன சொல்லும் இல்லை.
எழுபதாயிரம்
எழுபதாயிரமாகவே வந்தது.

விரலை வைத்தேன்.

சமாதானம் என்று யாரும் சொல்லவேண்டாம்.
அவளை நான் நம்பவில்லை,
நம்பச் சொல்லி அந்த ஏடு கேட்கவும் இல்லை.
ஒரு பக்கத்தில் எங்கள் இரண்டு பேர் கையும் இருக்கிறது.
இனி அதன்மேல் பக்கங்கள் ஏறும்,
ஒவ்வொன்றும் தனக்கு அடியில் இருப்பதை
நெஞ்சில் ஒற்றி எடுத்துக்கொண்டு.
எங்களில் யார் நினைத்தாலும்
இந்த ஒன்றை மட்டும் உருவ முடியாது.

சந்தியாகுவின் சட்டைப்பையில் போன் மணி அடித்தது.
பீடியை மண்ணில் தேய்த்துவிட்டு
ஏணியில் கால் வைத்தார்.
பாதிக் கூரையில் மழை பிடித்துக்கொண்டது.
தார்ப்பாயின் ஒரு முனை என் கையில்.

தேவகோட்டையில் பெய்கிறதா என்று கேட்க
அந்த ஏட்டில் பத்தி இல்லை.